ஹாலிஸின் தொப்பி

ஞாயிற்றுக்கிழமைகளில் என் வீட்டில் வேர்க்கடலை கிடையாது. பச்சைச் சட்டை போட்டுக்கொண்டு எவளும் படியேறக் கூடாது. இரண்டும் பந்தயக்காரர்களுக்கு ஆகாதவை. நான் இதையெல்லாம் நம்புகிறவள் இல்லை. ஆனால் நம்புகிற பெண்கள் என் கூடத்தில் உட்கார்ந்து கையைப் பிசைந்துகொண்டிருக்கும்போது என் பகுத்தறிவை யாரிடம் கொண்டுபோய்க் காட்டுவது? கடலை டப்பாவைத் தூக்கி அலமாரியின் மேல்தட்டில் வைத்துவிடுவேன்.

அந்தப் பெண்கள் என் வீட்டுக்கு வந்ததற்குக் காரணம், அவர்களையும் கடலைக் கணக்கில்தான் சேர்த்திருந்தார்கள். பந்தய வண்டிகள் நிற்கும் கொட்டடிக்குள் பெண் காலெடுத்து வைத்தால் எவனாவது சாவான் என்று ஒரு சட்டமே வைத்திருந்தார்கள் நம் வீரர்கள். மரப்படிகளில் உட்கார்ந்து வேடிக்கை பார்க்கலாம், அவ்வளவுதான். வண்டி ஒன்று கவிழ்ந்ததும் கொட்டடிக் கதவைச் சாத்திவிடுவார்கள். இந்தப் பக்கம் நின்று கம்பியைப் பிடித்துக்கொண்டு தொண்டை கிழியக் கத்தினாலும் ஒருத்தன் திரும்பிப் பார்க்க மாட்டான். அதற்கு என் கூடம் எவ்வளவோ மேல். என் வீட்டில் டி.வி. இருந்தது. அந்த டி.வி.க்குள் என் புருஷன் இருந்தான்.

ஹாலிஸும் ஒரு காலத்தில் வண்டி ஓட்டியவன்தான். இடுப்பு எலும்பு முறிந்து, ஒரு கால் குட்டையாகி, டயர் கடையில் உட்கார்ந்தான். வாய் மட்டும் முறியவில்லை. லாஸ் ஏஞ்சல்ஸில் டி.வி. நிலையங்கள் புதிதாக முளைத்த சமயம் அது. பொழுதுக்கும் எதையாவது காட்டியாக வேண்டும், காட்டுவதற்கு அவர்களிடம் சரக்கு இல்லை. கார் என்றால் இந்த ஊரில் எவனும் நின்று பார்ப்பான். அப்படித்தான் ஹாலிஸ் அகப்பட்டான். செவ்வாய்க்கிழமை மாலை ஸ்டுடியோவுக்குள் புதுக் கார்களைத் தள்ளிக்கொண்டு வந்து நிறுத்துவார்கள். மினுமினுப்பு கேமராவுக்குக் கூசும் என்று பளபளக்கும் இடமெல்லாம் மெழுகைத் தேய்த்து மங்கலாக்கி வைப்பார்கள். இவன் கதவைத் திறந்து, மூடி, இருக்கையைத் தட்டி, ஒரு மணமகளை அறிமுகம் செய்வதுபோல அறிமுகம் செய்வான். ஞாயிற்றுக்கிழமை மதியம் ஊருக்கு வெளியே மண் மைதானத்தில் டப்பா கார்கள் ஒன்றையொன்று இடித்து நொறுங்குவதைக் காட்டுவான். இரண்டுக்கும் ஒரே வாய், ஒரே இனிப்பு.

ஞாயிறு நிகழ்ச்சிக்குப் பணம் போட்டவன் ஒரு பழைய கார் வியாபாரி. அவன் போட்ட ஒரே நிபந்தனை இதுதான்: வண்டிகள் இடிக்கலாம், உருளலாம், தீப்பிடிக்கவும் செய்யலாம், ஆனால் யாருக்கும் அடிபட்டது என்ற பேச்சு வரவே கூடாது. வண்டி கவிழ்ந்து புழுதி எழுந்ததும் கேமரா மைதானத்தின் ஓரத்து மேடைப் பக்கம் திரும்பிவிடும். அங்கே ஹாலிஸ் நிற்பான், சாம்பல் நிறத் தொப்பியும் கட்டம்போட்ட கோட்டுமாக. பக்கத்தில் விற்பனைக்கு ஒரு கார். முன்பணம் வேண்டாம், பின்பக்கத்தில் எவ்வளவு இடம் பாருங்கள், உங்கள் மாமியாரையே உள்ளே வைக்கலாம் என்று சிரிப்பான். அவனுக்குப் பின்னால் எவன் எந்த நிலையில் கிடக்கிறான் என்று அவனுக்குத் தெரியும். எங்களுக்குத் தெரியாது.

அந்த வசந்த காலத்தில் நாற்பத்திரண்டாம் நம்பர் வண்டி கவிழ்ந்தது. வெர்னின் வண்டி. அவன் பெண்டாட்டி தெல்மா என் சோபாவில் இருந்தாள். ஆறடி உயரம், உருளைக்கிழங்கு மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு நடக்கக்கூடியவள். அவள் சிரித்தால் என் பீங்கான் தட்டுகள் அதிரும். அந்தத் தெல்மா அன்று என் திரைச்சீலையைப் பிடித்துக் கம்பியோடு பிடுங்கிவிட்டாள். டி.வி.யில் ஹாலிஸ் ஒரு காரின் ஸ்டெப்னியைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தான். பேசினான், பேசிக்கொண்டே இருந்தான். கடைசியில் பார்த்தால் வெர்னுக்கு ஒரு பல் போனது, அவ்வளவுதான். அன்று மாலை ஹாலிஸ் வீட்டுக்கு வந்தபோது தெல்மா இன்னும் போகாமல் காத்திருந்தாள்.

"ஏன்யா ஹாலிஸ், உனக்கு நெஞ்சுல இருக்கிறது இதயமா, ஸ்டெப்னியா?" என்றாள். "என் ஆளு இருக்கானா செத்தானான்னு தெரியாம நான் இங்க சாகறேன், நீ அங்க மாமியாரை டிக்கில வைக்கிற!"

"சொல்லக் கூடாதுன்னு சட்டம் தெல்மா. ஒரு வார்த்தை விட்டா அடுத்த வாரம் நான் டயர் கடையில இருப்பேன்."

"வாயால சொல்லாத. சைகை காட்டு. மூக்கைச் சொறி, காதைத் திருகு, எதையாவது பண்ணு. நல்லதோ கெட்டதோ, முதல்ல உன்கிட்டேருந்துதான் எனக்குத் தெரியணும். எவனோ ஒரு போலீஸ்காரன் வந்து கதவைத் தட்டி நான் தெரிஞ்சுக்கக் கூடாது. சத்தியம் பண்ணு."

ஹாலிஸ் தொப்பியைக் கையில் ஒரு சுற்று சுற்றினான். அப்புறம் தலையில் வைத்துக் காட்டினான். "இதோ பாரு. இப்படி பின்னால தள்ளிவிட்டா, ஆளு எழுந்து நடக்கறான், நீ போய் உருளைக்கிழங்கை வேக வை. கழட்டிட்டேன்னா..." கழற்றி மார்போடு வைத்துக்கொண்டான். "கழட்டிட்டேன்னா உடனே கிளம்பு. ஒரு நிமிஷம்கூட நிக்காத. நேரா ஆஸ்பத்திரி."

"சத்தியமா?"

"சத்தியமா, தெல்மா. உனக்குப் பொய் சைகை காட்ட மாட்டேன்."

அன்றிலிருந்து அவன் காட்டினான். பெரும்பாலும் பின்னால் தள்ளுவதுதான். ஒரே ஒரு முறை கழற்றினான், ஒருவனுக்குத் தொடை எலும்பு நொறுங்கியபோது. அவன் பெண்டாட்டி ஆம்புலன்ஸோடு கூடவே ஆஸ்பத்திரி வாசலில் போய் இறங்கினாள். ஹாலிஸுக்கு அதில் ரொம்பப் பெருமை. எனக்கும்தான், ஏன் மறைக்க வேண்டும். ஊருக்கெல்லாம் பொய்ச் சிரிப்பு சிரிக்கிறவன், அந்தத் தொப்பியால் ஏழெட்டுப் பெண்களுக்கு உண்மை பேசினான். டி.வி.யில் அவன் செய்த ஒரே யோக்கியமான காரியம் அதுதான்.

ஆகஸ்ட் மாதம் ஒரு ஞாயிறு, பந்தயம் முடிந்ததும் க்ளைடையும் வெர்னையும் மேடையில் நிறுத்திப் பேட்டி எடுத்தான். க்ளைடின் பதினேழாம் நம்பர் வண்டி வரிசையாக ஜெயித்துக்கொண்டிருந்தது. வெர்ன் எப்போதும் அவனுக்குப் பின்னால் இரண்டாவது. இரண்டு பேரும் ஒரே பள்ளிக்கூடத்தில் அடிவாங்கியவர்கள், ஒரே தெருவில் குடியிருப்பவர்கள். நேரம் மிச்சம் இருந்தது. ஹாலிஸ் நேரத்தை நிரப்ப வேண்டும். அதுதான் அவன் தொழில்.

"சொல்லு வெர்ன், ஜெயிக்கிறது வண்டியா, ஆளா?" என்று கொக்கி போட்டான்.

"வண்டிதான். அந்தப் பதினேழுல ஒரு கழுதையை உக்கார வச்சாலும் ஜெயிக்கும்" என்றான் வெர்ன், பல் போன ஓட்டை தெரிய.

"உக்கார வச்சுப் பார்த்துட்டாங்களே, அதான் ஜெயிக்குது!" என்று ஹாலிஸ் க்ளைடின் முதுகில் தட்டினான். க்ளைடு சிரித்தான். "அப்ப அடுத்த கழுதை இவன்தான். உக்காந்து பார்க்கட்டும்!"

கூடத்தில் நாங்கள் வயிறு குலுங்கச் சிரித்தோம். எல்லாரையும்விடச் சத்தமாகத் தெல்மா. அந்த வாரம் நேயர் கடிதங்கள் வந்தன என்று நிலையத்தில் ஹாலிஸைப் பாராட்டினார்கள். வண்டியா ஆளா என்று ஊர் முழுக்கப் பேச்சு.

அடுத்த ஞாயிறு வெயில் தகித்தது. தெல்மா உருளைக்கிழங்கு சாலட்டை ஒரு குண்டான் நிறையக் கொண்டு வந்திருந்தாள். க்ளைடின் பெண்டாட்டி லவோன் முன்னாடியே வந்து, டி.வி.க்கு நேராக, தரையில் உட்கார்ந்திருந்தாள். மற்றவர்கள் வெயிலுக்குப் பயந்து வரவில்லை. லவோன் கல்யாணமாகி இரண்டு வருஷம் ஆகாதவள்; சூடுகண்ட பூனை மாதிரி எதற்கும் துள்ளுவாள். பந்தயம் தொடங்கினால் நகத்தைக் கடிப்பாள், நகம் தீர்ந்தால் விரலை.

"நகத்தையே தின்னுட்டிருந்தா என் சாலட்டை யாருடி தின்பா?" என்று தெல்மா அவள் கையைத் தட்டிவிட்டாள்.

கடைசிப் பந்தயம். கூடத்து ஜன்னலை எல்லாம் மூடியிருந்தும் அந்தச் சின்னத் திரையில் வண்டிகள் கரப்பான் பூச்சிகள் அளவுக்குத்தான் தெரிந்தன. ஓட்டுகிறவனின் முகம் தெரியாது. ஹெல்மெட், கண்ணாடி, அதற்குக் கீழே துணி, அதன்மேல் புழுதி. கதவில் எழுதிய நம்பர்தான் அடையாளம். ஹாலிஸுக்கும் அதேதான், அவன் கையில் இருந்த தாளில் நம்பருக்கு நேரே பெயர் இருக்கும், அதைப் பார்த்துக் கத்துவான்.

"க்ளைடு ஏன் இன்னிக்கு வெளிப்பக்கமா போறான்?" என்றாள் லவோன். "எப்பவும் உள்வேலியை ஒட்டித்தானே போவான்?"

"என் ஆளைப் பாரு," என்றாள் தெல்மா. "வெளியில வெளியிலயே மேய்ஞ்சுட்டு இருந்தவன் இன்னிக்கு உள்ள ஒட்டிட்டுப் போறான். நாலு வருஷமா நான் சொல்லிச் சொல்லி வாய் வலிச்சுப் போச்சு. இன்னிக்குத்தான் புத்தி வந்திருக்கு."

அவள் அதைச் சொல்லி முடிக்கும்போது பதினேழு வளைவில் விலகியது. வெளிச்சுவரில் மோதி, மூக்கை ஊன்றி எழுந்து, ஒருமுறை உருண்டது. இன்னொருமுறை. பின்னால் வந்தவன் அதன்மேலேயே ஏறினான். அப்புறம் புழுதி. "பதினேழு! க்ளைடு!" என்று ஹாலிஸின் குரல் மட்டும் புழுதிக்குள்ளிருந்து வந்தது.

கேமரா மேடைக்குத் திரும்பியது. ஹாலிஸ் சிரித்தான். ஒரு பச்சை நிற செடான் என்றான், எங்களுக்கு அது சாம்பலாகத்தான் தெரிந்தது. கதவைத் திறந்தான். அவன் கண்கள் மட்டும் ஒரு பக்கம் போய்ப் போய் வந்தன. மேடைக்குக் கீழே யாரோ நின்று அவனைக் கூப்பிட்டிருக்க வேண்டும். பேச்சை நிறுத்தாமலே அந்தப் பக்கம் கையை நீட்டி, இரு, இரு என்பதுபோல அமர்த்தினான். வேறு எங்கோ பார்த்தான், வளைவுப் பக்கம், ரொம்ப நேரம். பிறகு நெற்றி வியர்வையைத் துடைப்பவன்போலத் தொப்பியைக் கழற்றினான். மார்போடு வைத்துக்கொண்டான். திரும்ப மாட்டவில்லை.

லவோன் வாயைத் திறந்தபடி அப்படியே இருந்தாள். தெல்மாதான் முதலில் எழுந்து என் பக்கம் திரும்பினாள்.

"ஓபல், சாவியை எடு. லவோன், எந்திரி. எந்திரிடி கண்ணு. செருப்பு எங்க? வேண்டாம் விடு, இந்தா என்னுதைப் போட்டுக்க." அவள் லவோனைக் குழந்தையைத் தூக்குவதுபோலத் தூக்கி நிறுத்தினாள். நான் கதவைப் பூட்டும்போது உள்ளே போன் அடித்தது. "எடுக்காத," என்றாள் தெல்மா. "ஒரு நிமிஷம்கூட நிக்காதன்னு சொல்லியிருக்கான் ஹாலிஸ்." போன் அடித்துக்கொண்டே இருந்தது. நாங்கள் கிளம்பிவிட்டோம்.

வழி முழுக்கத் தெல்மா பின்சீட்டில் லவோனை மடியில் சாய்த்துக்கொண்டு பேசிக்கொண்டே வந்தாள். வெறுங்காலோடு. "உயிர் இருக்கு. உயிர் இல்லேன்னா எதுக்கு ஆஸ்பத்திரி? ஹாலிஸ் போன்னு சொன்னா உயிர் இருக்குன்னு அர்த்தம். நான் கூட இருக்கேன். எது ஆனாலும் நான் இருக்கேன். இன்னிக்கு ராத்திரி நீ எங்க வீட்லதான். வெர்னை வெராண்டால படுக்கச் சொல்லிடுவேன், அவன் கிடக்கான்."

ஆஸ்பத்திரியில் ஒரு நர்ஸ் கதவைத் திறந்துகொண்டு வந்தாள். "பந்தயத்துலேருந்து வந்தவருக்கு யாரு?"

"இவதான். இவதான் பெண்டாட்டி," என்று தெல்மா லவோனை முன்னால் தள்ளினாள்.

"முகத்துலயும் தலையிலயும் கட்டு போட்டிருக்கோம். பேச்சு இல்லை. ஆனா கையை மட்டும் தேடிட்டே இருக்கார். யாராவது வந்து பிடிச்சுக்கிட்டா நல்லது. சீக்கிரம் வாங்க, ரொம்ப நேரம் இல்லை."

லவோன் ஒரு அடி வைத்தாள். அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். "என்னால முடியாது. என்னால பார்க்க முடியாது, தெல்மா." சுவரோடு ஒட்டிக்கொண்டு வாந்தி எடுத்தாள்.

"அப்ப நான் போறேன்," என்றாள் தெல்மா நர்ஸிடம். "இவ தேறி வர்ற வரைக்கும் நான் போய்க் கையைப் பிடிச்சுக்கறேன். பள்ளிக்கூடத்துலேருந்து தெரியும் அவனை எனக்கு."

"பெண்டாட்டி மட்டும்தான் அம்மா."

"ஒரு கைதானே கேக்குறான்? என் கை ஆகாதா?"

"சட்டம் அது. நான் என்ன பண்ண முடியும்? பெண்டாட்டி மட்டும்தான்."

எனக்கு அந்த நர்ஸின் மேல் கோபம் இல்லை. சட்டம் என்று சொல்கிறவர்களைப் பார்த்துப் பார்த்து எனக்குப் பழகிவிட்டது. தெல்மா லவோனைக் கைத்தாங்கலாகக் குழாயடிக்குக் கொண்டுபோனாள். முகத்தைக் கழுவிவிட்டாள். கர்ச்சீப்பை நனைத்துக் கழுத்தைத் துடைத்தாள். தன் கைப்பையிலிருந்து சீப்பை எடுத்து முடியைச் சீவினாள். "அவன் கண்ணைத் திறந்தா முதல்ல இந்த மூஞ்சியையா பார்க்கணும்? நில்லு. உதட்டுக்குக் கொஞ்சம் சாயம். அவசரப்படாத, மூச்சை இழு. இன்னும் கொஞ்சம் இழு. நீ தைரியமாப் போனாத்தான் அவன் தைரியமா இருப்பான்." நான் வாசலில் நின்று இரண்டு பேரையும் பார்த்துக்கொண்டிருந்தேன். கதவுக்கு அந்தப் பக்கம் ஒரு கை போர்வையைத் துழாவிக்கொண்டிருந்தது. இந்தப் பக்கம் தெல்மா உதட்டுச்சாயத்தின் ஓரத்தை விரலால் சரிசெய்துகொண்டிருந்தாள்.

கடைசியில் லவோன் உள்ளே போனாள். கதவு மூடியது. தெல்மா கண்ணை மூடிக்கொண்டு ஏதோ ஜெபித்தாள்.

உள்ளே ஒரு கூச்சல். கதவைத் தள்ளிக்கொண்டு லவோன் ஓடிவந்தாள். சிரித்துக்கொண்டிருந்தாள்.

"அவன் இல்லை! அது க்ளைடு இல்லை! விரல்! க்ளைடுக்கு இடது கையில சுண்டுவிரல் பாதிதானே? அந்த ஆளுக்கு முழுசா இருக்கு! அஞ்சும் இருக்கு, தெல்மா! நான் தொட்டுப் பார்த்தேன், எல்லா விரலும் இருக்கு!"

"ஏசுவே!" என்று தெல்மா அவளைத் தரையிலிருந்து தூக்கி ஒரு சுற்று சுற்றினாள். "நான் சொல்லலை? சொன்னேனா இல்லையா? எங்கயோ தப்பு நடந்திருக்கு. அந்த ஹாலிஸ் பயலை நான் இன்னிக்குச் சும்மா விடப் போறதில்லை!" அவளும் சிரித்தாள். கண்ணில் நீர் வழிய இரண்டு பேரும் கட்டிப்பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அப்புறம் தெல்மாவுக்கே மனசு கேட்கவில்லை. அந்தக் கதவைத் திரும்பிப் பார்த்து, "பாவம், யார் பெத்த பிள்ளையோ," என்றாள்.

பதினேழாம் நம்பர் ஏன் வெளிப்பக்கமாகப் போனது? நாற்பத்திரண்டு ஏன் உள்வேலியை ஒட்டிப் போனது? அடுத்த கழுதை இவன்தான், உட்கார்ந்து பார்க்கட்டும் என்றானே க்ளைடு. இரண்டு பேரும் வண்டியை மாற்றிக்கொண்டு ஓட்டியிருக்கிறார்கள். ஹாலிஸிடம் சொல்லவில்லை. ஜெயித்து வந்து மேடையில் ஹெல்மெட்டைக் கழற்றும்போது அவன் விழிப்பதை ஊரே பார்த்துச் சிரிக்க வேண்டும் என்று, இரண்டு குழந்தைகள் கூடிப் பேசி வைத்த குறும்பு.

நர்ஸ் மெதுவாக வெளியே வந்தாள். முகத்திலேயே தெரிந்தது. "இப்பத்தான் உயிர் போச்சு," என்றாள். லவோனைப் பார்த்து, "நீங்க கையை விட்டுட்டு ஓடி வந்ததும்..." என்று நிறுத்தினாள்.

"ஐயோ," என்றாள் தெல்மா. "அவங்க வீட்டுக்கு யாராவது சொல்லணுமே. யாருன்னாவது தெரிஞ்சுதா?"

நான் அவள் மணிக்கட்டைப் பிடித்தேன். "தெல்மா. நாற்பத்திரண்டை இன்னிக்கு உள்ள ஒட்டி ஓட்டினது வெர்ன் இல்லைடி."

அவள் என்னைப் பார்த்தாள். உதட்டில் அந்தச் சிரிப்பின் மிச்சம் இன்னும் இருந்தது, அதை எடுக்க அவளுக்குத் தோன்றவில்லை. லவோனைப் பார்த்தாள். லவோனுக்கும் அப்போதுதான் விளங்கியது. அவள் சுவரோடு சுவராகப் பின்னால் நகர்ந்தாள். தெல்மா கதவை நோக்கி நடந்தாள். நர்ஸ் பழக்கத்தில் கையை நீட்டி, "நீங்க யாரு?" என்றாள்.

"பெண்டாட்டி," என்றாள் தெல்மா.

வெகுநேரம் கழித்து வெளியே வந்து பெஞ்சில் உட்கார்ந்தாள். வெறுங்கால்கள் இரண்டும் அழுக்காகக் கிடந்தன. உள்ளங்கையை விரித்துப் பார்த்துக்கொண்டாள். "இன்னும் சூடா இருக்கு, ஓபல். அவன் கை இன்னும் சூடாத்தான் இருக்கு. எனக்கு நேரம் இருந்திருக்கு." நான் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

அப்போதுதான் ஹாலிஸ் வந்தான். நிகழ்ச்சி முடிந்ததும் மேடையிலிருந்து இறங்கி, யாரிடமும் நின்று பேசாமல், நேராகக் காரை எடுத்துக்கொண்டு வந்திருக்கிறான். வழியில் ஒரு இழுவை லாரியைத் தாண்டி வந்தானாம். அந்த லாரியில்தான் க்ளைடு வந்துகொண்டிருந்தான். அது ஹாலிஸுக்குத் தெரியாது. கேமராவுக்காகப் பூசிய பூச்சை முகத்திலிருந்து கழுவாமலே வந்திருந்தான். வியர்வை அதில் கோடு கோடாக இறங்கியிருந்தது. தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு, குட்டைக் காலை இழுத்து இழுத்துத் தாழ்வாரத்தின் கோடியிலிருந்து வந்தான். நான் எழுவதற்குள் லவோனின் முன்னால் மண்டியிட்டு அவள் கையைப் பிடித்துவிட்டான்.

"லவோன், கண்ணு. என்னை மன்னிச்சுடு. நான் அங்க நின்னு கார் வித்துட்டிருந்தேன். க்ளைடு மாதிரி ஒரு பையன்..."

லவோன் கையை உதறி இழுத்துக்கொண்டாள். தெல்மாவின் பக்கம் விரலைக் காட்டினாள்.

ஹாலிஸ் திரும்பினான். அவளைப் பார்த்ததும் அவன் முகம் கொஞ்சம் தெளிந்தது. ஆறுதல் சொல்ல ஒருத்தியாவது கிடைத்தாளே என்பதுபோல. "தெல்மா, நீ பயப்படாத. வெர்ன் நல்லா இருக்கான். நான் என் கண்ணால பார்த்தேன். நாற்பத்திரண்டுலேருந்து இறங்கி ஹெல்மெட்டும் துணியுமா ஓடிவந்து மேடைக்குக் கீழ நின்னு என்னமோ கத்தினான், பாவம், க்ளைடுக்காகத் துடிச்சிட்டான். நான் கேமரா முன்னாடி இருந்தேன், இருடான்னு கையைக் காட்டினேன்..."

"அது க்ளைடு," என்றேன் நான். "உனக்கு அதைச் சொல்றதுக்குத்தான் அவன் கத்தியிருக்கான், ஹாலிஸ். உள்ள இருக்கிறது வெர்ன். இருந்தது வெர்ன்."

நாற்பது வயது மனிதன் ஒரே நொடியில் கிழவனாவதை நான் அன்று பார்த்தேன். மண்டியிட்ட இடத்திலிருந்து அவனால் எழுந்திருக்க முடியவில்லை. தெல்மாவைப் பார்த்துக்கொண்டே இருந்தான். வாய் அசைந்தது. அவனுடைய வாய், எந்த நேரத்தையும் நிரப்பிவிடுகிற வாய், அசைந்துகொண்டே இருந்தது, அதிலிருந்து ஒரு சொல்லும் வரவில்லை.

தெல்மாதான் பேசினாள். கோபமாக இல்லை. கடையில் எதையோ கேட்பவள்போலச் சாதாரணமாகக் கேட்டாள்.

"ஹாலிஸ், தொப்பியைப் போட்டுக்க."

"தெல்மா..."

"போட்டுக்க. நீ எனக்குத்தான் சத்தியம் பண்ணின. கழட்டினது லவோனுக்கு. எனக்கு இன்னும் நீ சொல்லலை. போட்டுக்கிட்டு, எனக்காக ஒருதரம் கழட்டு."

ஹாலிஸ் என்னைப் பார்த்தான். நான் என்ன செய்ய முடியும்? முகத்தைத் திருப்பிக்கொண்டேன். பிறகு திரும்பவும் பார்த்தேன், பார்க்காமல் இருக்க முடியவில்லை. அவன் தொப்பியைத் தலையில் வைத்தான். அது கோணலாக உட்கார்ந்தது. தெல்மா அவன் முகத்தையே பார்த்துக்கொண்டு, இரண்டு கைகளையும் மடியில் வைத்து, என் வீட்டுக் கூடத்தில் உட்காருவதுபோல உட்கார்ந்திருந்தாள். அவன் கழற்றினான்.